கருநீலத்துக்குப் பக்கத்தில் மஞ்சள்

மாப்பிள்ளை வீட்டார் பெரம்பலூரிலிருந்து உள்ளங்கை அகலத்தில் ஒரு வெட்டுத்துணி கொடுத்தனுப்பினார்கள். ரிசப்ஷனுக்குத் தைக்கக் கொடுத்த கோட்டுத் துணி. கருநீலம். பெண்ணின் புடவை, மேடைப் பூ எல்லாம் இதற்குப் பொருந்துகிற மாதிரி எடுத்தால் நன்றாக இருக்கும் என்று சொல்லியிருந்தார்கள்.

இதையெல்லாம் பார்க்க வேண்டியவள் என் மனைவி. நிச்சயத் தாம்பூலத்தன்று அவள்தான் தட்டு மாற்றினாள். மாசியில் போய்விட்டாள். வருஷம் திரும்புவதற்குள் கல்யாணத்தை முடித்துவிட வேண்டும் என்று பெரியவர்கள் சொன்னார்கள். சரி என்றேன். அந்த மாதங்களில் யார் எதைச் சொன்னாலும் சரி என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தேன். மனசு மரத்துக் கிடந்தது. காலையில் எழுந்து குளித்துத் திருநீறு பூசி விளக்கேற்றுவது மட்டும் நிற்கவில்லை. அதைக் கை தானாகச் செய்தது.

மகளும் என் தங்கையும் நானும் செந்துறையிலிருந்து பஸ் ஏறி அரியலூர் ஜவுளிக்கடைக்குப் போனோம். மகள் போனில் நிறையப் படம் சேர்த்து வைத்திருந்தாள். சில்வர் கிரே பட்டு, மேடைக்கு வெள்ளைப் பூ. கடைக்காரர் அதே மாதிரி ஒரு புடவையை விரித்துப் போட்டார். மகள் வெட்டுத்துணியை அதன்மேல் வைத்துப் பார்த்தாள்.

"கருப்புக் கோட்டு, சாம்பல் புடவ, வெள்ளப் பூ," என்றாள் தங்கை. "ஏன் பாப்பா, கல்யாணத்துக்குத்தான எடுக்குறோம்?"

"கருப்பு இல்ல அத்தை. நேவி ப்ளூ."

"பேரு என்ன வேணா வச்சுக்க. எங் கண்ணுக்குக் கருப்புதான்."

எனக்கு அப்படித் தோன்றவில்லை. சாம்பல் நான் தினமும் நெற்றியில் பூசுவது. சாமிக்குக் கழுத்தே அந்த நீலந்தான். ஆனால் திருமழபாடிக்குப் பக்கத்தில் கொள்ளிடத்தில் இறங்கி என் மனைவியின் சாம்பலைக் கரைத்ததும் இந்தக் கைதான்.

தங்கை அடுத்த வேலைக்குப் போனாள். "பூவாடைக்கும் ஒரு புடவ எடுங்க. மஞ்சள்ல, பருத்தியில போதும்."

எங்கள் பக்கத்தில் சுமங்கலியாகப் போனவளைப் பூவாடைக்காரி என்று கும்பிடுவோம். வீட்டில் கல்யாணம் என்றால் முதலில் அவளுக்குப் புதுப்புடவை, பூ, வளையல் வைத்துப் படைக்க வேண்டும். படைத்த புடவையை வீட்டுப் பெண் உடுத்துவாள். இத்தனை நாள் என் அம்மாவுக்குப் படைத்தோம். இந்தத் தடவை என் மனைவிக்கும்.

மகள் போனைக் கீழே வைத்தாள். "அம்மாவுக்கு வைக்கிறத நான் எப்பக் கட்டுறது?"

"படைச்ச அன்னிக்கு ஒரு நேரம் கட்டிட்டு அவுத்து வச்சுடு. அவ்ளோதான்."

"வேணாம். அதையே ரிசப்ஷனுக்குக் கட்டிக்கிறேன். அம்மா நிச்சயத்தோட நின்னுட்டாங்க. ஒரு பொழுதாவது மேடைக்கு வரட்டும்."

தங்கை சாம்பல் புடவையைத் தள்ளி வைத்தாள். "கட்டு, யாரு வேணாங்குறா. ஆனா அவளுக்கு மஞ்சள்தான் வைக்கணும். இந்தச் சாம்பல வைக்க நான் விட மாட்டேன். மஞ்சளக் கட்டிக்கிட்டு அந்தக் கோட்டுப் பக்கத்துல நின்னா உனக்கே புடிக்காது."

"பட்டுல மஞ்சள் காட்டுங்கண்ணா," என்றாள் மகள். என்னைப் பார்த்தாள். "நீ சொல்லுப்பா. எடுப்பா இருக்குமா?"

எனக்கு நிறப் பொருத்தம் என்ன தெரியும்? மனைவி எடுத்துக் கொடுத்த சட்டையைப் போட்டுக்கொண்டு வாழ்ந்தவன். ஆனாலும் இதற்குப் பார்க்காமல் சரி என்று சொல்லிவிட முடியாது. கடைக்காரர் விரித்த மஞ்சள் பட்டை அள்ளிக்கொண்டு, வெட்டுத்துணியையும் எடுத்துக்கொண்டு வாசலுக்கு நடந்தேன்.

"ஐயா, புடவ தரையில படப்போவுது," என்று அவர் பின்னாலேயே வந்தார்.

வெயிலில் பிடித்தேன். அரைத்த பசுமஞ்சள் நிறம். அதன்மேல் வெட்டுத்துணியை வைத்தேன். டியூப்லைட் வெளிச்சத்தில் சாம்பல் புடவைமேல் கருப்பாக இருந்த துணி, மஞ்சளுக்குப் பக்கத்தில் நீலமாக இருந்தது. விடியப்போகிற வானத்தின் நீலம்.

தங்கை எட்டிப் பார்த்தாள். "அட, நீலந்தான்," என்றாள்.

"நான் அப்பவே சொன்னேன்ல."

"நீ சொல்லி என்ன, இப்பத்தான தெரியுது."

"எடுப்பா இருக்கும் பாப்பா," என்றேன். மகள் படம் எடுத்து மாப்பிள்ளைக்கு அனுப்பினாள். பிடித்திருக்கிறது என்று பதில் வந்ததும் தங்கையே சொல்லிவிட்டாள்: "அப்ப மேடைக்குச் சாமந்தி."

படையல் அன்று புடவையின் ஒரு மூலையில் மஞ்சளும் குங்குமமும் தடவி, பூவோடு வைத்துக் கற்பூரம் காட்டினேன். தங்கை அழுதாள், மகளும் அழுதாள். எனக்கு வரவில்லை. கற்பூரம் முழுவதும் எரிந்து அணையும்வரை தட்டைப் பிடித்திருந்தேன்.

பெரம்பலூர் மண்டபத்தில் அந்தக் கருநீலக் கோட்டுக்குப் பக்கத்தில் மகள் மஞ்சளில் நின்றாள். போட்டோக்காரர் கேமராவை இறக்கினார். "முந்தானையில குங்குமக் கறை தெரியுதுங்க. உள்ள மடிச்சு விட்டுக்கங்க."

"தெரியட்டும்ண்ணா. அப்படியே எடுங்க," என்றாள்.

என்னையும் மேடைக்குக் கூப்பிட்டார்கள். குங்குமம் பட்ட அந்த முந்தானை மூலைக்குப் பக்கமாகப் போய் நின்றேன். படம் எடுத்து முடிந்ததும் பந்தியைப் பார்க்கக் கீழே இறங்கினேன்.