பூத்தும் காய்க்காத கொடித்தோடை

உடுப்பிட்டியில் எங்கள் ஒழுங்கையில், அந்தக் குறுகிய தெருவில், ஒருவர் வீட்டில் நல்ல கொடி ஒன்று தழைத்தால், அடுத்த மாரிக்குள் அது எல்லோர் வீட்டு வளவிலும் நிற்கும். தடி வெட்டி வேலிக்கு மேலால் நீட்டுவது எங்கள் பழக்கம். கேட்டு வாங்கத் தேவையில்லை. வேண்டாம் என்று சொல்லத்தான் துணிச்சல் வேண்டும்.

எனக்குப் பழப்பைத்தியம். பண்டாரவளையிலிருந்து ஊதாக் கொடித்தோடை, அதுதான் பாஷன் பழம், கொண்டுவந்து நட்டேன். எங்கள் வெயிலுக்கு அது கருகிப்போனது. தூணில் ஏற்றிய டிராகன் பழம் பார்க்கக் கோயில் தேர் மாதிரி இருந்தது, வாயில் வைத்தால் பச்சைத்தண்ணீர். றம்புட்டானைப் பற்றிக் கதைக்கவே எனக்கு விருப்பமில்லை. கடைசியில் நீர்வேலியில் ஒரு தோட்டத்தில் மஞ்சள் கொடித்தோடைச் சாறு குடித்துப் பார்த்தேன். அப்படியொரு வாசம்! அந்தக் கொடியில் ஒரு தடி வாங்கி வந்து நட்டு, அது படர்ந்ததும் ஒழுங்கை முழுவதற்கும் வெட்டிக் கொடுத்தேன்.

ஒழுங்கை முடிவில் இருக்கும் என் அண்ணை மட்டும் வாங்கவில்லை.

"உன்ரை தடி எனக்கு வேண்டாம். நான் விதை போட்டு முளைக்க வைப்பன்" என்றார்.

பிறந்த வீட்டிலிருந்தே நான் எது செய்தாலும் அவருக்கு அதைவிடத் திறமாக ஒன்று செய்தாக வேண்டும். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. அன்றிலிருந்து இரண்டு பேரும் கதைக்கவில்லை. ஒரே தேவாலயம், ஒரே பாட்டு, ஆளுக்கொரு பக்கம்.

கொடிகள் பந்தலை மூடின. பூவென்றால் பூ. ஆனால் ஒழுங்கையில் ஒரு வீட்டிலும் ஒரு பிஞ்சுகூடப் பிடிக்கவில்லை. சாணி போட்டோம், சாம்பல் போட்டோம். வேதக்காரி என்பதையும் மறந்து, கண்ணூறு கழிய ஒரு பழைய செருப்பைப் பந்தலில் கட்டிவிட்டேன். போதகர் வந்த அன்று அதற்கு மேல் துவாய் காயப்போட வேண்டியதாயிற்று.

எனக்கு அந்தப் பழம் கட்டாயம் வேண்டியிருந்தது. அறுப்பின் பண்டிகைக்கு அவரவர் வளவில் விளைந்ததைக் கொண்டுபோய்ப் பீடத்தின் முன் வைப்போம். ஆராதனை முடிய ஏலம் போடுவார்கள். நான் வருடாவருடம் சந்தையில் வாங்கிய வாழைக்குலையைத்தான் வைத்தேன். "கர்த்தருக்கும் கடைச்சாமானோ?" என்று என் கணவர் நக்கலடிப்பார். இந்த முறை என் கையால் விளைந்ததுதான் என்று போதகரின் மனைவியிடம் வாய்விட்டும் இருந்தேன்.

பக்கத்து வீட்டுப் பயற்றங்கொடியைப் பார்க்க வந்த விவசாயப் போதனாசிரியரைக் கையோடு கூட்டிவந்து காட்டினேன். அவர் சிரித்தார்.

"அம்மா, ஒழுங்கை முழுக்க நிற்கிறது ஒரே கொடிதான். இந்த மஞ்சள் இனம் தன்ரை மகரந்தத்திலை காய்க்காது. நீர்வேலியிலை பலதும் கலந்து நிண்டிருக்கும். வேறை விதையிலை வந்த கொடியின்ரை பூ வேணும். வண்டும் இங்கை குறைவு, கையாலைதான் பூவைப் பூவோடை தொட்டுவிடவேணும்."

அப்படியானால் நான் ஊருக்கெல்லாம் அள்ளிக் கொடுத்ததுதான் வினை. என் கொடி இல்லாத ஒரே வளவு அண்ணையின் வளவு. இதைவிடச் செருப்பையே நம்பியிருக்கலாம்.

இரண்டு நாள் மனதோடு மல்லுக்கட்டிவிட்டுப் போனேன். அவர் வாசல் கேற்றடியில் நின்றார்.

"அண்ணை, உங்கடை கொடி காய்ச்சதோ?"

"பூக்குது. காயைக் காணேல்லை. ஏன், உன்ரை?" என்றார்.

"அதுவும் அப்பிடித்தான்."

விஷயத்தைச் சொன்னேன். அவர் திரும்பி உள்ளே போனார். வாசலோடு அனுப்பிவிட்டார் என்றுதான் நினைத்தேன். கொஞ்ச நேரத்தில் ஒரு கிண்ணம் நிறையப் பூவோடும் தலையில் துவாயோடும் வந்தார். "பூ மத்தியானந்தான் விரியும், இரவுக்குச் சுருங்கிடும். கெதியா நட" என்றார்.

உச்சி வெயிலில் பந்தலுக்குக் கீழே நின்று பூவைப் பூவோடு தொட்டோம். பிறகு என் பூக்களோடு அவர் வளவுக்குப் போனோம். பிழையாகத் தொடுகிறாய் என்று அவர் திட்டினார், நானும் திட்டினேன். எனக்கு உள்ளுக்குள் அவ்வளவு சந்தோஷம்.

பண்டிகைக்கு இரண்டு வளவிலும் பழம் இருந்தது. தேவாலய வாசலில் அண்ணை தன் பழங்களை என் பனையோலைக் கடகத்தில் கொட்டினார். ஏலம் கூறியவர் கடகத்தைத் தூக்கி, "இது ஆற்றை, ஆர் கொண்டுவந்தது?" என்று கேட்டார். நான் வாய் திறக்க முன்னம் அண்ணை எழும்பி, "எங்கடை" என்றார்.

எனக்குக் கண் நிறைந்துவிட்டது. பாட்டுப் புத்தகத்தால் முகத்தை மறைத்துக்கொண்டு இருந்தேன். கடகத்தை நானே ஏலத்தில் எடுக்க வேண்டுமென்று நினைத்துத்தான் போயிருந்தேன். புத்தகத்தை இறக்கி விலை கேட்கத்தான் முடியவில்லை. வேறு யாரோ கொண்டுபோனார்கள்.