டெய்லர் வீட்டு நாலடிச் சந்து

எங்கள் தெருவில் டெய்லர் என்றால் எதிர்வீட்டுக்காரர் ஒருவர்தான். கழுத்தில் எப்போதும் ஒரு பழைய துணி டேப் தொங்கும். தொழிலுக்கு வந்த புதிதில் வாங்கியதாம். குளிக்கும்போதாவது கழற்றுவாரா என்பது எனக்கு இன்னும் சந்தேகம்தான்.

அவருக்குப் பக்கத்து வீடு மச்சானுடையது, அதாவது அவர் மனைவியின் தம்பி. இரண்டு வீட்டுக்கும் நடுவில் டெய்லருக்குச் சொந்தமான ஒரு சந்து, பத்திரத்தில் நாலடி அகலம். அவர் வீட்டுச் சமையலறைத் தண்ணீர் அதில் கிடக்கும் குழாய் வழியாகத்தான் வெளியே போகும். மச்சான் தன் எல்லையில் சுவர் எழுப்பினான். டெய்லர் கழுத்து டேப்பை உருவி அளந்தார். இரண்டு இஞ்ச் குறைந்தது. தெருவே திரும்பிப் பார்க்கும்படி குதித்தார்.

"மாமா, யாரையாவது வச்சு இன்னொரு தடவை அளந்துக்கலாமே" என்றான் மச்சான்.

"ஊருக்கே அளவெடுக்கிறவன்டா நான்! எனக்கு நீ அளக்கக் கத்துத் தர்றியா?"

டெய்லர் போய்ப் பார்த்த வக்கீல் நல்ல மனுஷன். இடத்தின் மதிப்பைப் பார்த்துத்தான் எந்தக் கோர்ட் என்று முடிவாகும், இந்தத் துண்டுக்குச் சின்னக் கோர்ட்டே போதும் என்று பொறுமையாகச் சொல்லியிருக்கிறார். கேட்கிற ஆளா இவர்?

"சின்னக் கோர்ட்டா? தெருவுல என்னை எவன் மதிப்பான்? பெரிய கோர்ட்டுலயே போடுங்க."

சந்தின் மதிப்பை ஒரு பங்களா அளவுக்கு ஊதிக் காட்டி, பெரிய கோர்ட்டில் வழக்குப் போட்டார். வழக்கு முடியும்வரை அந்தச் சந்தில் யாரும் கை வைக்கக் கூடாது என்று தடையும் வாங்கினார். அன்றைக்கு அவர் நடந்த நடையைப் பார்த்திருக்க வேண்டும். யாரும் என்றால் தானும்தான் என்பது மட்டும் அந்த மண்டையில் ஏறவில்லை.

அடுத்த மழையில் குழாய் உடைந்தது. சமையலறைச் சுவர் ஊற ஆரம்பித்தது. டெய்லர் மனைவிக்கு இருமல் விடவில்லை.

"என்னங்க, குழாயை மாத்திடலாம். கோர்ட்டுல ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்களேன்."

"நான் வாங்கின தடையை நானே தளர்த்தச் சொல்லணுமா? உன் தம்பி சிரிக்கிறதுக்கா?"

"சுவர் விழுந்தா நான் தம்பி வீட்டுக்குப் போயிடுவேன். இப்பவே சொல்லிட்டேன்."

அவள் வாசலில் நின்று சொன்னது எனக்கே கேட்டது. அவர் காதில் விழவில்லை.

பெரிய கோர்ட்டில் சந்து எத்தனை அடி என்று ஒருநாள்கூடப் பேசவில்லை. மதிப்பே பொய், இதை விசாரிக்க இந்தக் கோர்ட்டுக்கு அதிகாரமில்லை என்று மச்சானின் வக்கீல் ஆரம்பித்தார். அதிலேயே வாய்தா வாய்தாவாக மூன்று வருஷம் ஓடியது. அதற்குள் ஒருநாள் சுவர் பொத்தென்று விழுந்தது. அவள் சொன்னபடியே துணிப்பையைத் தூக்கிக்கொண்டு தம்பி வீட்டுக்குப் போய்விட்டாள். எனக்கு அவள்மேல் மரியாதையே வந்தது.

கடைசியில் நீதிபதி வழக்கைத் திருப்பிக் கொடுத்தார். எங்களுக்கு அதிகாரமில்லை, சின்னக் கோர்ட்டுக்குப் போங்கள். தடையும் அதோடு போயிற்று.

அக்கா வீட்டுச் சுவரைக் கட்ட மச்சானே கொத்தனாரைக் கூட்டி வந்தான். கொத்தனார் இரும்பு டேப்பை இழுத்துச் சந்தை அளந்தார்.

"நாலடி கரெக்டா இருக்கே சார்!"

டெய்லர் தன் டேப்பை நீட்டினார். கொத்தனார் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் பிடித்தார். துணி டேப் இழுபட்டு இழுபட்டு நாலடிக்கு இரண்டு இஞ்ச் நீண்டு கிடந்தது. உடம்பை அளந்ததும் துணியை வெட்டியதும் அதே டேப்பால் என்பதால் சட்டைகள் பொருந்திவிட்டன. சந்து மட்டும் மாட்டிக்கொண்டது.

சுவர் எழும்பிவிட்டது, தண்ணீர் ஒழுங்காக ஓடுகிறது. அவள் மட்டும் திரும்பவில்லை.

"பெரிய மன்னிப்பெல்லாம் கேக்க வேணாம். வாசல்ல வந்து நின்னு 'வா'ன்னு ஒரு வார்த்தை சொன்னா போதும், வந்துடுவேன்" என்று என் மனைவியிடம் சொன்னாளாம். நானே போய் அதை டெய்லர் காதில் போட்டேன்.

அவர் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். சந்தைத் தாண்டி அந்த வாசலுக்குப் போகிறார் என்று நினைத்தேன். மனுஷன் பஸ் ஸ்டாண்டுப் பக்கம் திரும்பினார்.

"எங்க போறீங்க?" என்று கத்தினேன்.

"வக்கீலைப் பாக்க. பொண்டாட்டியைக் கூப்பிடறதுக்கு எந்தக் கோர்ட்டுன்னு கேட்டுட்டு வந்துடறேன்."