நூறு வீடு போதவில்லை

அசாம் ஜாவா பக்கம் எங்கள் தாமான் குடியிருப்பும் அதைச் சுற்றியுள்ள தாமான்களும் சேர்ந்தால் பல ஆயிரம் வீடுகள். நடுவில் ஒரு கால்பந்துத் திடல். அதில் கூரை போட்ட பேட்மிண்டன் கோர்ட் கட்டலாமா என்று கேட்டுவரக் கிளம்பினார் என் அண்ணன், குடியிருப்பாளர் சங்கத் தலைவர். நான் கல்லூரியில் புள்ளியியல் நடத்துகிறவள். வீட்டு எண்களைக் குலுக்கி நூறு வீடுகளை எடுத்துக் கொடுத்தேன். ஐம்பத்துநான்கு வீட்டில் கட்டலாம் என்றார்கள்.

"பாதிக்கு மேல வந்துருச்சு. கவுன்சிலுக்கு மனு எழுதிறலாம்" என்றார் அண்ணன்.

நான் கணக்குப் போட்டேன். 0.54-ஐ 0.46-ஆல் பெருக்கி, நூறால் வகுத்து, வர்க்கமூலம் எடுத்து, 1.96-ஆல் பெருக்கினால் ஏறக்குறைய பத்து விழுக்காடு பிழை வரம்பு.

"நாப்பத்துநாலாவும் இருக்கலாம், அறுபத்துநாலாவும் இருக்கலாம்ண்ணே. ஊருல பாதிப் பேருக்கு மேலன்னு இத வச்சிச் சொல்ல முடியாது."

"மச்சான் பந்து ஆடறாரு. அதான் நீ இழுக்கற."

எனக்குச் சுருக்கென்றது. அந்த மச்சான், என் கணவர், அங்கேயேதான் உட்கார்ந்திருந்தார். வீட்டுக்கு வந்ததும், "எனக்காகவா சொன்ன?" என்றார்.

"இல்லைங்க. கணக்கு அப்படித்தான் வருது."

"அப்ப இன்னும் கொஞ்சம் வீட்டுல கேளுங்க லா. நானும் வரேன்."

பிழையைப் பாதியாக்க நான்கு மடங்கு வீடுகள் வேண்டும். இன்னும் முந்நூறு எண்களைக் குலுக்கி எடுத்தேன். சனி, ஞாயிறு மாலைகளில் அண்ணன், கணவர், நான் என மூவரும் நடந்தோம். ஒரு வீட்டில் கணவரோடு பந்து ஆடுகிறவர் கதவைத் திறந்து, கண்ணடித்து, "நீங்க என்னா சொல்லச் சொல்றீங்க?" என்றார்.

"நான் கேக்க வந்தவன். உங்க மனசுல உள்ளதச் சொல்லுங்க" என்றார் கணவர்.

பக்கத்தில் நின்ற அண்ணன் அதைக் கேட்டார். திரும்பும் வழியில் எங்களைத் தேநீர்க் கடைக்குக் கூட்டிப்போய், "மச்சானுக்குத் தே தாரிக், சீனி கம்மியா" என்று அவரே சொன்னார். என்னிடம், "அன்னிக்கு அப்படிச் சொல்லியிருக்கக் கூடாதும்மா" என்றார்.

நானூறு வீடுகளில் ஐம்பத்தெட்டு விழுக்காடு கட்டலாம் என்றது. பிழை ஐந்துக்குச் சற்றுக் குறைவு. கீழே இறங்கினாலும் ஐம்பத்துமூன்று. மனுவில் பிழை வரம்பையும் எழுதச் சொன்னவர் அண்ணன்தான்.

கோர்ட் வந்துவிட்டது. பந்து ஆடுகிறவர்கள் பள்ளித் திடலுக்குப் போகிறார்கள். கணவர் செவ்வாய்க்கிழமை அங்கே ஆடுகிறார், வியாழக்கிழமை என்னோடு சேர்ந்து அண்ணன் அண்ணியிடம் பேட்மிண்டனில் தோற்கிறார். ஷட்டில்காக்கைக் காலால் உதைக்கக் கூடாது என்று அவரிடம் இன்னும் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறோம்.