ஆள் மாறி வந்த கணவன்

என் மனைவி தொலைக்காட்சித் தொடர் பார்க்க உட்கார்ந்தால் நான் எழுந்து முற்றத்துக்குப் போய்விடுவேன். சண்டை போடும் ஆள் அல்ல நான். ஆனாலும் நல்ல கதையைத் தொடங்கிவிட்டு, பார்க்க ஆள் சேர்ந்ததும் அதைப் பாழாக்கி ஆண்டுக்கணக்கில் இழுக்கிறவர்கள்மேல் எனக்குள்ள கோபம் ஆறவே இல்லை. மூன்றாம் வகுப்பில் படிக்கும்போது வந்த கோபம் அது.

அப்போது பாறசாலைப் பக்கம் எங்கள் வீட்டில் மாமா தந்த பழைய டிவி இருந்தது. அதில் வந்த தொடரில் கப்பல் வேலைக்குப் போன கணவன் திரும்பவில்லை; மனைவி காத்திருந்தாள். அவள் அவனுடைய சட்டையை மடித்து வைப்பதைப் பார்த்தாலே அழுகை வரும். அவ்வளவு உண்மை. என் அப்பாவும் பம்பாய்க்கு வேலைக்குப் போய், வெகுநாளாகத் தகவல் இல்லாமல் இருந்தார். வீட்டு ஜெபக்கூட்டத்தில் அம்மா, "கப்பல்ல போனவருக்கும் ஜெபிக்கணும்" என்று சொல்லிவிட்டாள். போனவர் யாரென்று விசாரிக்காமலே உபதேசியார் உருகி ஜெபித்தார். தொடர் பார்க்கும் பெண்கள் எல்லோரும் சத்தமாக ஆமென் சொன்னார்கள்.

பிறகு கதை கெட்டது. மாமியாருக்கு இரட்டைச் சகோதரி முளைத்தாள். வில்லனுக்கு நினைவு போயிற்று, வந்தது, மறுபடியும் போயிற்று. காத்திருந்தவளை எல்லோரும் மறந்தே விட்டார்கள். கடைசியில் ஒருநாள் கணவன் வந்தான். கதவைத் திறந்தால் வேறொரு நடிகன்! அவளும் கொஞ்சமும் கூசாமல் அவன் காலில் விழுந்து அழுதாள்.

"இது யாரு? அவன் இல்லியே இது!" என்று அம்மா கத்தினாள்.

மாமா சிரித்தார். "ஆளு மாறினா என்ன ஏட்டி? கதை நடக்கண்டாமா?"

"அண்ணா, எவனோ ஒருத்தன் வாசல்ல வந்து நின்னா கூப்பிட்டு இருத்தணுமா? நான் மாட்டேன் ஆக்கும்! ஒனக்க டிவிய நீயே எடுத்துட்டுப் போ."

மாமா என்னைப் பார்த்தார். "எலே மக்கா, ஒனக்க அம்மைக்குக் கிறுக்காக்கும்."

"அம்மை சொன்னதுதான் சரி மாமா. பழைய ஆளுதான் நல்லவரு" என்றேன்.

அம்மா என்னை இழுத்து அணைத்துக்கொண்டு அழுதாள். ஒரு நடிகனுக்காகவா இவ்வளவு அழுகை என்று நினைத்தேன்.

மாமா டிவியைத் தூக்கிக்கொண்டு போனார். அதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமைதான் அவர் அம்பூரியிலிருந்து ரப்பர் தோட்டக்காரர் ஒருவரை வீட்டுக்கு அழைத்து வந்திருந்தார். மனைவியை இழந்தவர், எனக்கு பிஸ்கட் வாங்கி வந்தவர். அவரும் பிறகு வரவேயில்லை. டிவி போனதற்கும் பிஸ்கட் போனதற்கும் சேர்த்து, அந்தப் புது நடிகனைத்தான் நான் வெகுநாள் திட்டிக்கொண்டிருந்தேன்.