கைகட்டி அக்காவின் கடைக்கு வந்த மாமியார்

மருந்துக் கடைக்கும் சலவைக் கடைக்கும் நடுவே ஒரு படிக்கட்டு இருக்கிறது. ஒரு ஆள் ஏறினால் இன்னொரு ஆள் இறங்க முடியாது; அவ்வளவு தாராளம். அதில் ஏறி முதல் மாடிக்குப் போனால் இடதுபுறம் இருப்பது அக்காவின் கடை. கடை என்பதே கொஞ்சம் பெரிய வார்த்தைதான். ஒரு மேசை, இரண்டு கம்ப்யூட்டர், காத்திருப்பவர்களுக்கு ஒரு நீள பெஞ்சு, பிஸ்கட் டப்பா நிறைய கேபிள். போனில் இருப்பது கம்ப்யூட்டருக்குப் போக மாட்டேன் என்கிறது, கம்ப்யூட்டரில் இருப்பது போனுக்கு வர மாட்டேன் என்கிறது என்று வருகிறவர்களுக்கு அங்கே விடிவு உண்டு. திரை உடைந்தது, பேட்டரி உப்பியது என்றால் தெருவில் நாலு கடை இருக்கிறது, அங்கேதான் போக வேண்டும்.

அவரைச் சுற்றுவட்டாரமே 'கைகட்டி அக்கா' என்றுதான் சொல்லும். ஏனென்றால் யாருடைய போனையும் அவர் கையில் வாங்க மாட்டார். "வீட்டுல எப்படி மாட்டுவீங்களோ அப்படியே மாட்டுங்க" என்பார். பிறகு கையைக் கட்டிக்கொண்டு வந்தவரின் முதுகுக்குப் பின்னால் போய் நின்றுகொள்வார். முதல் தடவை வருகிறவர்களுக்குக் கோபம் வரும். எனக்குத் தெரிந்தால் உன்னிடம் ஏன் வருகிறேன் என்று ஒரு பார்வை பார்ப்பார்கள். அக்கா அசைய மாட்டார்.

"போனை நான் வாங்கிட்டா எனக்குப் போன் மட்டும்தான் தெரியும். உங்க கை என்ன பண்ணுதுன்னு எனக்கு எப்படித் தெரியும்?"

கேட்க எளிதாக இருக்கும். ஆனால் இதில் எத்தனை வில்லங்கம் வெளிவந்திருக்கிறது தெரியுமா? ஒரு பள்ளி ஆசிரியர் ஆறு மாதமாகக் கம்ப்யூட்டரை விட்டுவிட்டு, பக்கத்தில் இருந்த ஒலிபெருக்கியில் போனைச் செருகிக்கொண்டிருந்தார். ஒரு தையற்கார அம்மா, படங்கள் பாதி போய்க்கொண்டிருக்கும்போதே, போன் சூடாகிறதே என்று பயந்து ஒயரைப் பிடுங்கிவிடுவார். இதையெல்லாம் எந்தப் புத்தகத்திலும் போட மாட்டார்கள். பின்னால் நின்று பார்த்தால்தான் தெரியும். இருபத்திரண்டு வயதில் வேலைக்கு வந்து, நாற்பத்தாறு வயதுக்குள் அக்கா கற்றுக்கொண்ட மொத்தப் படிப்பும் இதுதான். போதுமான படிப்புதான் என்பேன்.

ஒரு வெள்ளிக்கிழமை காலை பதினொரு மணி. பெஞ்சில் மூன்று பேர். முதலில் ஒரு வேன் டிரைவர், அடுத்து ஒரு கல்லூரிப் பெண். கடைசியாக, கைப்பையை மடியில் நிமிர்த்தி வைத்து, தானும் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தவர் அக்காவின் மாமியார்.

அக்காவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. பதினெட்டு வருடத்தில் அந்த அம்மா இந்தப் படியில் கால் வைத்ததில்லை.

"என்ன அத்தை? வீட்டுல யாருக்காவது உடம்பு சரியில்லையா?"

"எல்லாரும் நல்லா இருக்காங்க. அவங்க ரெண்டு பேரையும் முதல்ல பாரு. நான் அவங்களுக்கு அப்புறந்தான் வந்தேன்."

சொன்னால் சொன்னதுதான். மாமியார் முப்பத்தோரு வருடம் ரயில் நிலையத்தில் அறிவிப்பாளராக இருந்தவர். எந்த வண்டி எந்த மேடைக்கு வருகிறது, எவ்வளவு நேரம் தாமதம் என்பதை ஊருக்கெல்லாம் சொன்ன குரல். ஓய்வு பெற்று நாலு வருடம் ஆகியும் அந்தக் குரல் ஓயவில்லை. சாப்பிடக் கூப்பிட்டால் வண்டி கிளம்பப் போகிறதோ என்று அவருடைய மகனே பதறி எழுந்து வருவார். மாமியாருக்கும் மருமகளுக்கும் சண்டை என்று ஒன்று வந்ததே கிடையாது. அதே சமயம், வா உட்கார், பேசலாம் என்று இருந்ததும் கிடையாது. இது வேண்டும், அது செய்து கொடு என்று மாமியார் ஒரு நாளும் கேட்டதில்லை. அது அக்காவுக்கு நிம்மதியாகவும் இருந்தது, ஒரு ஓரத்தில் வலியாகவும் இருந்தது.

முன்னால் வந்த இருவரும் போனதும் மாமியார் மேசைக்கு வந்து போனை எடுத்து வைத்தார்.

"இதுல நாப்பது பதிவு இருக்கு. ஒவ்வொன்னும் அரை மணி, முக்கால் மணி. பாறை, மண், எரிமலையப் பத்தின பாடப் புத்தகம். கண் தெரியாத பிள்ளைங்களுக்கு நூலகத்துல ஒலிப் புத்தகம் வெச்சிருக்காங்க இல்ல, அவங்களுக்காகப் படிச்சேன். ஒரு பையனுக்கு செவ்வாய்க்கிழமை பரீட்சை. இன்னைக்கு மூணு மணிக்குள்ள பென் டிரைவ்ல போட்டுக் கொண்டுபோய்க் கொடுக்கணும். அப்புறம் நூலகம் மூணு நாள் லீவு."

"இதுக்கா அத்தை இவ்வளவு தூரம் வந்தீங்க? வீட்டுலயே சொல்லியிருக்கலாமே."

"முடிச்சிட்டுச் சொல்லலாம்னு இருந்தேன். நூலகத்துல மாட்டிப் பாத்தாங்க, வரல. ரெண்டு கடைக்குப் போனேன், வரல. இணையத்துல அனுப்பினா பாதியிலயே நின்னு போகுது. நூலகத்து அம்மாதான் சொன்னாங்க, மருந்துக் கடை மாடியில ஒரு அக்கா இருக்காங்க, ரொம்பக் கெட்டிக்காரி, அங்க போங்கன்னு." கொஞ்சம் நிறுத்தி, "அது என் மருமகதான்னு நான் சொல்லிக்கல" என்றார்.

எட்டு மாதமாக வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டு மாமியார் முணுமுணுத்தது இதைத்தானா என்று அக்காவுக்கு அப்போதுதான் உறைத்தது. அம்மாவை டாக்டரிடம் காட்டலாமா என்று கணவர் கவலைப்பட்டார். அக்காவின் கவலை வேறு. தான் வீட்டுக்குள் காலடி வைத்ததும் அந்தப் பேச்சு சட்டென்று நின்றுவிடும். நம்மைப் பற்றித்தான் யாரிடமோ போனில் குறை சொல்கிறார் என்று முடிவு கட்டி, மனதுக்குள் புழுங்கிக்கொண்டு இருந்தார்.

"கடைசிப் பாடம் இன்னும் படிக்கல. போன்ல இடம் இல்லேங்குது" என்றார் மாமியார்.

மணி பதினொன்றரை. சொந்த மாமியார், முதல் முறையாக ஒரு உதவி. அக்கா என்ன செய்தார் தெரியுமா? இத்தனை வருடம் கட்டிக் காத்த வழக்கத்தைக் காற்றில் விட்டார். "குடுங்க அத்தை, நான் பாக்கறேன்" என்று போனைக் கையில் வாங்கிவிட்டார்.

ஒயரைச் செருகினார். போன் சார்ஜ் ஏறுகிறது என்றது. கம்ப்யூட்டரோ அப்படி ஒரு போன் இருப்பதாகவே காட்டிக்கொள்ளவில்லை. போன் பூட்டிக்கொள்ளும்போதெல்லாம் மாமியாரிடம் நீட்டுவார். அவர் விரல் வைத்துத் திறந்து திருப்பிக் கொடுப்பார்.

"ஏதாவது கேட்டுச்சா அத்தை?"

"ஒன்னும் கேக்கல."

சில ஒயர்கள் சார்ஜ் மட்டும்தான் ஏற்றும், உள்ளே இருப்பதைக் கடத்தாது. ஆகவே ஒயரை மாற்றினார். ஒன்றல்ல, ஐந்து. செருகும் ஓட்டையை மாற்றினார். போனை அணைத்துப் போட்டார். கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டார். பழைய கம்ப்யூட்டரில் முயன்றார். போனை அடையாளம் காணும் மென்பொருளை அழித்துவிட்டு மறுபடி ஏற்றினார். ஒவ்வொரு தடவையும் சார்ஜ் ஏறியது. எண்பது, எண்பத்தைந்து, தொண்ணூறு. போன் வயிறு நிறையச் சாப்பிட்டதுதான் மிச்சம்.

மணி பன்னிரண்டரை ஆனது. ஊரில் எவர் எவருக்கோ செய்து கொடுத்தோம், இவர் வந்து நிற்கும்போது இப்படி மானம் போகிறதே என்று இருந்தது. அதைவிடப் பெரிய பயம், எங்கோ புத்தகத்துக்காகக் காத்திருக்கும் அந்தப் பையன்.

"விடும்மா. நீ என்ன பண்ணுவ" என்று மாமியார் சொன்னார். அந்தக் கணீர்க் குரல் இறங்கிப் போயிருந்தது. அதைக் கேட்டபிறகுதான் அக்காவுக்குத் தன் புத்தி திரும்பி வந்தது.

ஒயரைக் கழற்றிப் போனை மாமியார் கையில் கொடுத்தார். "அத்தை, நீங்களே முதல்லேர்ந்து மாட்டுங்க. நான் இங்க இல்லேன்னு நெனச்சுக்குங்க." கையைக் கட்டிக்கொண்டு பின்னால் போய் நின்றார்.

மாமியார் ஒயரைச் செருகினார். விரல் வைத்துத் திறந்தார். திரையில் ஒரு கேள்வி எழுந்தது. எழுந்து முடிப்பதற்குள் கட்டைவிரல் போய் அதைத் தீர்த்துக் கட்டியது. கண் சிமிட்டியிருந்தால் தெரிந்திருக்காது.

"அத்தை! இப்ப என்ன அமுக்கினீங்க?"

"எங்க அமுக்கினேன்? திறந்தேன்."

"இன்னொரு தடவை. மெதுவா."

இந்தத் தடவை அக்கா படித்துவிட்டார். உங்கள் கோப்புகளைப் பார்க்க இந்தக் கம்ப்யூட்டரை அனுமதிக்கவா என்று போன் மரியாதையாகக் கேட்டது. கீழே இரண்டு பொத்தான். மாமியாரின் கட்டைவிரல், கதவைத் தட்டும் விற்பனையாளரை விரட்டுவதுபோல, 'வேண்டாம்' என்பதை அமுக்கியது.

"ஏன் அத்தை வேண்டாம்னு அமுக்கறீங்க?"

மாமியார் அவரைத் திரும்பிப் பார்த்தார். "நீதானம்மா சொன்ன?"

"நானா?"

"போன வருஷம் ஏதோ விளையாட்டு தானா வந்து உக்காந்துக்கிட்டு ஓயாம விளம்பரமா போட்டுச்சே. நான் கேக்காமலே நீ சரி பண்ணிக் கொடுத்துட்டு என்ன சொன்ன? 'அத்தை, போன் எதைக் கேட்டாலும் வேண்டாம்னு அமுக்கிடுங்க, யோசிக்கவே யோசிக்காதீங்க'ன்ன. அன்னையிலேர்ந்து யோசிக்கறதே இல்ல."

அக்கா பெஞ்சில் பொத்தென்று உட்கார்ந்தார். நூலகம், இரண்டு கடை, இந்த ஒரு மணி நேரம் எல்லாவற்றுக்கும் காரணம் தன் திருவாய். பெற்ற மகன் ஆயிரம் சொன்னாலும் காதில் போட்டுக்கொள்ளாத மனுஷி, தான் போகிற போக்கில் சொன்ன ஒரு வார்த்தையை ஒரு வருடமாக விடாமல் கடைப்பிடித்திருக்கிறார். சிரிப்பு வந்தது, வெட்கமும் வந்தது.

"தப்பு என்னோடதுதான் அத்தை. இந்த ஒரு தடவை சரின்னு அமுக்குங்க."

"நிச்சயமா?"

"நிச்சயமா."

அமுக்கினார். நாற்பது பதிவும் வரிசை கட்டிக் கம்ப்யூட்டரில் வந்து நின்றன. பிரதி எடுத்து முடிக்கப் பத்து நிமிடம்கூட ஆகவில்லை. போனிலிருந்து அழிப்பதற்கு முன்னால் ஒன்றிரண்டைத் திறந்து, முடிவு வரை சரியாக இருக்கிறதா என்று பார்ப்பது அக்காவின் வழக்கம். பதினேழாவது பாடத்தைத் திறந்து கடைசி நிமிடத்துக்குத் தள்ளினார்.

எரிமலைக் குழம்பு ஆறிப் பாறையாவதைப் பற்றி மாமியாரின் குரல் நிதானமாகச் சொல்லிக்கொண்டு வந்தது. தூரத்தில் வாசல் கதவு திறக்கும் சத்தம் கேட்டது. படிப்பு நின்றது. பிறகு அதே குரல், ரொம்பத் தாழ்ந்து, யாரோ பக்கத்தில் இருப்பவரிடம் சொல்வதுபோல் பேசியது.

"தம்பி, இன்னைக்கு இதோட வெச்சுக்கலாம்பா. என் மருமக வேலையிலேர்ந்து வந்துட்டா. நாள் முழுக்க நாலு பேர் கஷ்டத்தைக் கேட்டுட்டு வர்ற பொண்ணு. வீட்டுலயாவது அவளுக்குக் கொஞ்சம் சத்தம் இல்லாம இருக்கட்டும்."

அக்கா இருபத்தொன்பதாவதைத் திறந்தார். அதன் முடிவிலும் கதவுச் சத்தம். "அவ வந்துட்டா தம்பி. நாளைக்குப் படிக்கலாம்."

மாமியாருக்கு முகம் சிவந்துவிட்டது. "இதையெல்லாம் வெட்டிடும்மா. பாடத்துல இதெல்லாம் எதுக்கு?"

அக்கா அந்தப் பதிவை அப்படியே மூடி வைத்து, "பையன் கேக்கட்டும் அத்தை. படிச்சு அலுத்துப் போயிருப்பான்" என்றார்.

போனில் இருந்த பழைய பதிவுகளை அழித்து இடம் பண்ணினார். எழுந்து போய்க் கடைக் கதவை உள்ளே தாழிட்டார். மின்விசிறி கடகடத்தது, அதையும் நிறுத்தினார். மணி ஒன்று. நாற்பது நிமிடப் பாடம் என்றாலும் மூன்று மணிக்குள் தாராளமாக நூலகத்துக்குப் போய்ச் சேரலாம்.

"இங்கயே படிச்சிடுங்க அத்தை."

மாமியார் கைப்பையிலிருந்து புத்தகத்தை எடுத்தார். கண்ணாடியை மாட்டிக்கொண்டார். பிறகு தயங்கி, "நீ இருக்கியேம்மா" என்றார்.

"இருக்கேன். படிங்க."

மாமியார் பதிவுப் பொத்தானை அமுக்கினார். நாற்பத்தோராவது பாடத்தின் தலைப்பைச் சொன்னார். வியர்த்து வழியும் அந்தச் சின்ன அறையில், மருமகளை எதிரே உட்கார வைத்துக்கொண்டு, கடைசி வரி வரைக்கும் நிறுத்தாமல் படித்தார்.