ரசமட்டம் வைத்த வேலி

ஞாயிற்றுக்கிழமை காலைக் காப்பி முடிந்ததும் வேம்பு மாமா முதலில் நூலைக் கட்டுவார். வாசல் கேட்டின் இரும்புத் தூணிலிருந்து கிணற்றடி முருங்கைவரை ஒரே இழுப்பாக ஒரு வெள்ளை நூல். விரலால் ஒருமுறை சுண்டுவார். அதிர்வு அடங்கிய பிறகுதான் கத்தரியை எடுப்பார். வேலிச் செடிகளில் நூலுக்கு மேலே தலைநீட்டிய துளிரெல்லாம் விழும். வெட்டி முடித்துச் செடிகளின் மேல் ஒரு நீளச் சட்டத்தைக் கிடத்துவார். அதன்மேல் கொத்தனார்கள் வைத்திருப்பது போன்ற ரசமட்டம். குனிந்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு அதற்குள் இருக்கும் குமிழியைப் பார்ப்பார். நடுவுக்கு வந்தால் ஒரு சின்னத் தலையசைப்பு. வராவிட்டால் மறுபடி கத்தரி.

ராஜா அண்ணாமலைபுரத்தில் அவர் வீட்டு மாடியறைக்கு நான் குடிவந்தது எழுபத்திரண்டில். ஊர் தென்காசிப் பக்கம். ஆழ்வார்பேட்டையில் குமாஸ்தா வேலை. ஞாயிறுகளில் மாடிச் சுவரோரம் ஏதாவதொரு புதுக்கவிதைப் பத்திரிகையை விரித்து வைத்துக்கொண்டு, படித்ததைவிட அதிகமாகக் கீழே பார்த்துக்கொண்டிருப்பேன்.

மாமா பொதுப்பணித் துறையில் முப்பத்து மூன்று வருஷம் வரைபடம் போட்டவர். ஓய்வுக்குப் பிறகு வாரத்தில் ஆறு நாள் சாய்வு நாற்காலியில், மடித்த பேப்பரைப் பிரிக்காமலே உட்கார்ந்திருப்பார். கேட்டால்தான் பதில். ஞாயிறன்று மட்டும் வாய்க்குள் ஏதோ ஒரு கீர்த்தனை முனகல் இருக்கும்.

அந்த வேலிக்கு ஆசைப்பட்டது அவர் மனைவி நீரஜா மாமி. எங்கேயோ ஒரு பங்களா மதிலோரச் செடியில் மஞ்சள் மணிகளாகக் காய்கள் சரம் சரமாகத் தொங்கியதைப் பார்த்துவிட்டு வந்து, "நம்மாத்து வாசல்லயும் அப்படித் தொங்கணும்" என்றாராம். தள்ளுவண்டியில் செடி விற்கும் தங்கவேலிடம் பதினான்கு டுரண்டா கன்றுகள் வாங்கி, அளவெடுத்து நட்டார் மாமா. கடலைப் பிண்ணாக்கு ஊறவைத்து ஊற்றினார். குழாயில் காற்று மட்டும் வந்த கோடையிலும் அரிசி களைந்த தண்ணீர், குளித்த தண்ணீர் எல்லாம் செடிக்குத்தான் போயிற்று.

இலை சுவர்போல அடர்ந்தது. காய் மட்டும் வரவில்லை.

"ஏன்னா, ஒரு பூகூடக் காணலையே?"

"அவசரப்படாதே. முதல்ல கட்டுக்கோப்பா வளரணும். அப்புறம் பாரு, ஒரே சீரா காய்க்கும்."

"ஆமாம், பத்து மணிக்கு வந்து ரிஜிஸ்தர்ல கையெழுத்துப் போட்டுட்டுக் காய்க்கப் போறது!"

சிரித்தாலும் அவசரம் இருக்கத்தான் செய்தது. மாமிக்குக் கண்ணில் அழுத்தம். பார்வை ஓரங்களிலிருந்து சுருங்கிக்கொண்டே வந்தது. "கொழாய்க்குள்ளேருந்து பாக்கறாப்ல இருக்குடாப்பா" என்பார். மருந்து விட்டால் கொஞ்ச காலம் தள்ளும், போனது திரும்பாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். மிச்சமும் போவதற்குள் மணிகளை ஒருமுறை தன் வாசலில் பார்த்துவிட வேண்டும், அவ்வளவுதான் அவர் கேட்டது. காலையில் வாசலுக்கு வருவார். தலையை மெல்லத் திருப்பி அந்தப் பார்வைக் குழாயை வேலி நெடுக நகர்த்துவார். பிறகு உள்ளே போய்விடுவார்.

எழுபத்து நாலு செப்டம்பரில், துவைகல்லுக்குப் பின்னால் கத்தரி எட்டாத மூலையில் ஒரு கிளை வில்லாக வளைந்து நீண்டிருந்ததைப் பார்த்தேன். நுனியில் பூ உதிர்ந்து, இலையோடு இலையாகப் பச்சைக் காய்கள். வேலி முழுக்க வேறெங்கும் இல்லை. வெட்டாத நுனியில்தான் காய்க்கிறது என்று எனக்குப் புரிந்துவிட்டது. கீழே போய் ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஆனால் அந்த மனுஷரிடம், காய்க்கவிடாமல் செய்வதே நீங்கள்தான் என்று எப்படிச் சொல்வது? வாக்கியத்தை மனசுக்குள் திருத்தித் திருத்தியே மூன்று நாள் போயிற்று.

நாலாம் நாள் ஞாயிறு. மாமா ஸ்டூலைத் தூக்கிக்கொண்டு துவைகல் பக்கம் போனார்.

"ஒண்ணே ஒண்ணு ஒளிஞ்சுண்டு நின்னிருக்கு பாரேன், ஜவஹர்!" அண்ணாந்து என்னைப் பார்த்துச் சிரித்தார். கையில் அந்தக் கிளை.

"ஆமா மாமா" என்றேன்.

மறுவருஷக் கோடையில் மாமிக்கு வெளிச்சமும் இருட்டும் மட்டும்தான் மிஞ்சின. அடுப்படி மாமாவிடம் வந்தது. கைபிடித்துக் கூட்டிப்போவது, மருந்து விடுவது, புடவை மடிப்பது எல்லாம் அவர்தான். ஞாயிறுகளில் நூல் கட்டவில்லை. ஐப்பசி மழையில் வேலி தலைவிரித்துக்கொண்டு தெருவில் சாய்ந்தது. ஊதாப் பூக்கள் வந்தன. மார்கழியில் பதினான்கு செடிகளிலும் மஞ்சள் மணிகள்.

ஒரு சனிக்கிழமை சாயங்காலம் நான் ஆபீஸிலிருந்து வரும்போது மாமா வேலியோரம் நின்றிருந்தார். ஒரு சரத்தை உள்ளங்கையில் ஏந்தியிருந்தார். அதன் காம்பு வழியே விரலை ஓட்டி, முன்பு கத்தரி பட்ட பழைய தழும்பு வரைக்கும் கொண்டுபோய் நிறுத்தினார். என் பக்கம் திரும்பவில்லை.

"மாமிகிட்ட சொல்லிடாதே" என்றார்.

உள்ளேயிருந்து மாமியின் குரல். "ஏன்னா, வாசல்ல குருவி இந்தக் கத்து கத்தறதே. காய்ச்சிருக்கோ?"

"இல்லையே. பக்கத்தாத்துக் கொய்யாவுக்கு வந்திருக்கு."



"நாளைக்கு ஞாயித்துக்கிழமைதானே. நூல் கட்டுங்கோளேன், ரொம்ப நாளாச்சு."

மறுநாள் மாமா நூல் கட்டினார். முனகல் இல்லை. வெட்ட வெட்ட மஞ்சள் தரையெல்லாம் உருண்டது. சட்டத்தைக் கிடத்தி ரசமட்டம் வைத்தவர், குனிந்து பார்க்காமலே எடுத்துவிட்டார். உதிர்ந்ததைச் சத்தமில்லாமல் கூட்டி அள்ளினார். நான் மேலே பத்திரிகையின் அதே பக்கத்தைப் பிடித்துக்கொண்டிருந்தேன்.

எழுபத்தெட்டில் நான் அடையாறில் இருந்தேன். ஒருநாள் பஸ் ஸ்டாப் பக்கம் தங்கவேலின் வண்டி நின்றது. டுரண்டா கன்றைக் கண்டதும் வேம்பு மாமா வீட்டைச் சொன்னேன்.

"அந்தக் கண்ணு தெரியாத அம்மாவா?" என்றான். "நட்ட ரெண்டாம் வருசமே என்னாண்ட கேட்டுச்சே சார், இன்னாய்யா பூக்கவே இல்லன்னு. கத்திரி வெக்காதம்மா, உட்டுட்டா தன்னால தொங்கும்னேன். ஐயராண்ட நான் சொல்லட்டான்னு கேட்டேன். 'வேண்டாம்ப்பா, ஞாயித்துக்கிழமை ஒருநாள்தான் அவர் பழைய மனுஷரா இருக்கார், சொல்லிடாதே'ன்னுச்சு. அப்பவே கண்ணு போய்க்கினுதான் இருந்துச்சு."