பாப்பா நல்ல பிள்ளையாக இருந்த காலை

கல்வி இலாகாவில் என் வேலை, பிறர் நிரப்பி அனுப்பும் பாரங்களில் குறை கண்டுபிடிப்பது. ஓய்வு பெற்ற பிறகும் அது போகவில்லை. கல்யாணப் பத்திரிகை வந்தால்கூட முத்திரை எங்கே என்றுதான் கண் முதலில் தேடுகிறது. ஈப்போ சிலிபினில் எங்கள் வீட்டு வரிசையில் யாருக்காவது பென்ஷன், பிறப்புப் பத்திரம், பள்ளி மாற்றம் என்று வந்துவிட்டால் என் கேட்டருகே வந்து நிற்பார்கள். எந்த மாடி, எந்தக் கவுண்டர், அங்கே இருப்பவருக்கு எந்த நேரத்தில் பசி வந்து கோபம் வரும் என்பதுவரை சொல்லி அனுப்புவேன்.

பக்கத்து வீட்டுக்காரி மட்டும் நெடுநாள் வரவில்லை. பீடோர் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்தவள். அந்தத் தோட்டம் முதலில் செம்பனை எண்ணெய்த் தோப்பானது, பிறகு வீடமைப்புப் பகுதியானது. அவள் ஈப்போவுக்கு வந்து ஒரு பேரங்காடியில் கல்லாவில் உட்கார்ந்தாள். கணவன் லாரி ஓட்டுகிறான், பாதி வாரம் சாலையில் இருப்பான். ஒரே மகள், ஆறு வயது. எல்லோரும் பாப்பா என்றுதான் கூப்பிடுவோம்.

பாப்பா எனக்கு அறிமுகமானது என் வீட்டு வாசலில். கேட் திறந்திருந்தது. அவள் பாட்டுக்கு உள்ளே வந்து என் செருப்புகளையெல்லாம் பெரியதிலிருந்து சிறியதுவரை அடுக்கிக்கொண்டிருந்தாள்.

"யாரு நீ?" என்றேன்.

"யாரு நீ?" என்றாள், என் குரலிலேயே.

என்னைக் கிண்டல் செய்கிறாள் என்று நினைத்தேன். அதற்குள் சமையலறையில் குக்கர் விசில் அடித்தது. குழந்தை காதைப் பொத்திக்கொண்டு அலறினாள், தன் மணிக்கட்டைத் தானே கடித்தாள், என் கார் கதவில் தலையை மோதினாள். தாய் ஓடிவந்து அவளைத் தூக்கிக்கொண்டு, "மன்னிச்சிருங்க ஆன்டி, சேட்டை கொஞ்சம் ஜாஸ்தி" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

எங்கள் வரிசையில் அதற்குப் பெயர் சேட்டைதான். காரணமும் ஆளுக்கொன்று வைத்திருந்தார்கள். போன் பார்த்துப் பார்த்து வந்தது என்றார் ஒருவர். கண் பட்டிருக்கிறது என்றார் இன்னொருவர். அடி பற்றவில்லை என்பது பெரும்பான்மைத் தீர்மானம். இத்தகைய பிள்ளைகளைப் பற்றி நான் கோப்புகளில் ஏராளமாகப் படித்திருக்கிறேன். ஆனால் கோப்பு அலறாது. அதனால் எனக்கும் அன்று ஒன்றும் தெரியவில்லை.

பாலர் பள்ளியிலிருந்து அவளை நிறுத்திய பிறகுதான் தாய் என் கேட்டுக்கு வந்தாள்.

"டீச்சர் இனிமே அனுப்பவேணாம்னு சொல்லிட்டாங்க ஆன்டி."

"என்னா செஞ்சா?"

"கடிச்சிட்டா. வெளையாட்டு முடிஞ்சி பெல் அடிச்சாங்களாம். பக்கத்துல நின்ன புள்ளைய."

"பெல் அடிக்கப் போறாங்கன்னு அவகிட்ட யாராச்சும் முன்கூட்டியே சொன்னாங்களா?"

"அத எதுக்கு ஆன்டி சொல்றது? அதுக்குத்தானே பெல்லு."

அரசாங்க வேலையில் இருந்திருக்க வேண்டியவள். ஆனால் நான் வாய்ப்போக்கில் கேட்ட அந்தக் கேள்விதான் பிறகு எங்களுக்கு உதவியது. குக்கரை அடுப்பில் வைக்கும்போதே, "பாப்பா, இப்ப விசில் வரும், பெரிய சத்தமா வரும்" என்று சொல்லிவைக்கத் தொடங்கினோம். அவள் பின்பக்கம் போய்க் காதைப் பொத்திக்கொண்டு நிற்பாள். சத்தம் அடங்கியதும் வந்து, "சத்தமா வரும்" என்று எங்களுக்கே திருப்பிச் சொல்லுவாள். கடி இல்லை, மோதல் இல்லை. அவள் யாரையும் வம்புக்கு இழுக்கவில்லை. உலகம்தான் அவளுக்குச் சொல்லாமல் கொள்ளாமல் வந்துகொண்டிருந்தது. இதைப் புரிந்துகொள்ள எனக்கு ஒரு குக்கர் தேவைப்பட்டது.

ஆனால் அடுத்த ஆண்டு ஒன்றாம் வகுப்பு. வீட்டிலிருந்து நடந்து போகும் தூரத்தில் உள்ள பள்ளியில் சிறப்புக் கல்வி வகுப்பு இருந்தது. பிள்ளைகள் குறைவு, ஆசிரியரோடு ஓர் உதவியாளரும் உண்டு. அதில் இடம் வேண்டுமானால் அரசாங்க மருத்துவர் பார்த்து, இந்தப் பிள்ளைக்கு அது தேவை என்று உறுதி செய்ய வேண்டும். இல்லையென்றால் சாதாரண வகுப்பு. தலைமையாசிரியர் ஒளிக்காமல் சொல்லிவிட்டார்: அங்கே ஒரு பிள்ளையைக் கடித்தால், வீட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள் என்று சொல்வதைத் தவிர அவருக்கு வேறு வழி இருக்காது. வீட்டில் வைத்துக்கொள்வதென்றால் தாய் வேலையை விட வேண்டும், பாப்பா பள்ளிக்கூடத்தையே பார்க்காமல் வளர வேண்டும்.

மருத்துவமனையில் தேதி கிடைத்தது. கோப்பை நான் தயார் செய்தேன். பிள்ளையையும் தயார் செய்ய வேண்டும் என்று இருவருக்கும் தோன்றியது. புது இடம், புது முகம், சொல்லாமல் கூட்டிப்போனால் வாசலிலேயே அலறுவாள். எனவே தினமும் மாலையில் என் சாப்பாட்டு மேசை டாக்டர் அறையானது. நான்தான் டாக்டர். இலாகாவில் எத்தனையோ அறிக்கைகளைப் படித்தவள் என்பதால் என்ன கேட்பார்கள் என்பது எனக்குத் தெரியும். பெயர் என்ன, வயது என்ன, சிவப்புக் கட்டை எது, இதை அம்மாவிடம் கொடு, இங்கே உட்கார். எல்லாம் மலாயில். பாப்பாவுக்கு அந்த விளையாட்டு மிகவும் பிடித்துப்போனது. ஒரு வாரத்தில் நான் வாயைத் திறப்பதற்கு முன்பே சிவப்புக் கட்டை வந்து விழுந்தது.

அந்தக் காலையில் பாப்பா ஈப்போவிலேயே நல்ல பிள்ளையாக இருந்தாள். எண்ணெய் வைத்துப் படிய வாரிய தலை, நெற்றியில் திருநீறு, தீபாவளிக்கு எடுத்த கவுன். மருத்துவர் இளம் மலாய்ப் பெண், பொறுமையானவர். நான் மேசையில் கேட்டதுபோலவே, அதே வரிசையில் கேட்டார். பாப்பா பெயர் சொன்னாள், வயது சொன்னாள், கட்டையை எடுத்தாள், அம்மாவிடம் கொடுத்தாள், உட்கார்ந்தாள். மருத்துவர் சிரித்துக்கொண்டே தாயைப் பார்த்து, வீட்டில் ஏதாவது சிரமம் உண்டா என்று கேட்டார்.

"ஒன்னும் இல்ல டாக்டர். நல்லாத்தான் இருக்கா" என்றாள் தாய், மலாயில்.

எனக்கு நாற்காலியில் இருப்புக் கொள்ளவில்லை. குறுக்கே பேசுவதற்குள் அவர் எழுத ஆரம்பித்துவிட்டார். நன்றாக ஒத்துழைக்கிறாள், பேச்சில் சிறிது தாமதம், சாதாரண வகுப்பில் சேர்க்கலாம், பிறகு பார்ப்போம். நான் கோப்பை நீட்டினேன். பாலர் பள்ளி ஆசிரியரின் குறிப்பைப் படித்துவிட்டு, சின்னப் பிள்ளைகள் சில நேரம் கடிப்பது உண்டுதான் என்று சொல்லி மூடிவைத்தார். அவர்மேல் தவறு இல்லை. கண் முன்னால் ஒரு மாதிரிப் பிள்ளை உட்கார்ந்திருக்கும்போது காகிதத்தை யார் நம்புவார்கள்? இலாகாவில் நானும் நம்பியிருக்க மாட்டேன்.

காரில் ஏறியதும் கேட்டேன்.

"ஏம்மா அப்படிச் சொன்னே?"

"எப்படி ஆன்டி சொல்றது? பெரிய ஆளு கேக்குறாங்க. பெத்த புள்ளைய, அதுவும் அவள பக்கத்துல வச்சிக்கிட்டு, இவ இப்படி அப்படின்னு கொறை சொல்ல முடியுமா?"

"அதுக்குத்தானே போனோம்."

"எங்க எஸ்டேட்ல டிரஸ்ஸர் பாக்க வந்தா, காய்ச்சல் அடிச்சாலும் குளிப்பாட்டி, பவுடர் போட்டு வரிசையில நிக்க வைப்பாங்க. நல்லா இருக்கியான்னு கேப்பாரு, இருக்கேன்னு சொல்லணும். எங்கம்மாவும் அப்படித்தான் சொல்லும்."

தோட்டத்து ஆஸ்பத்திரியைப் பார்த்துக்கொண்டவரைத்தான் டிரஸ்ஸர் என்பார்கள். அவளைக் கேலி செய்ய எனக்கு வாய் வரவில்லை. கோலா கங்சாரில் குமாஸ்தாவாக இருந்த என் தகப்பனார், மேலதிகாரி வீட்டுக்கு வரும் நாளில், மூச்சுத்திணறலோடு இருந்த என் தம்பிக்குச் சட்டைப் பொத்தானை மாட்டி முன்னறையில் உட்காரவைத்தார். யாழ்ப்பாணத்து வழிவந்த எங்கள் குடும்பத்திலும் இதேதான் நடந்தது, சோப்பு மட்டும் கொஞ்சம் விலை உயர்ந்தது. அதிகாரி முன்னால் நம் மக்கள் யாருக்கும் எந்த நோயும் கிடையாது.

மறுபடி பார்க்க வேண்டும் என்று கேட்டதற்குப் பள்ளி திறந்து பல மாதம் கழித்துத் தேதி கொடுத்தார்கள். ஆனால் தேதி வாங்கியவர் வராமல்போனால் அந்த இடம், காலையிலேயே வந்து காத்திருப்பவருக்குக் கிடைக்கும். இதை எந்தப் பலகையிலும் எழுதி ஒட்டியிருக்க மாட்டார்கள். காத்திருப்பதில் எனக்குச் சிரமம் இல்லை. சிரமம் லாரிக்காரனிடம் இருந்தது. கேட்டருகே நின்று கேட்டான்:

"டாக்டரே நல்லாருக்கான்னு சொல்லிட்டாங்க. திரும்பப் போயி, இல்ல, கோளாறுதான்னு எழுதி வாங்கணுமா ஆன்டி?"

"கோளாறுன்னு எழுத மாட்டாங்க. ஒதவி வேணும்னு எழுதுவாங்க."

"அப்புறம் ஓகேயூ கார்டு எடுக்கச் சொல்லுவாங்க. மாற்றுத் திறனாளின்னு பேர் பதிஞ்சிட்டா நாளைக்கு யாரு கட்டிக்குவா?"

"ஆறு வயசுப் புள்ளைக்கு மாப்பிள்ளை பாக்குறதுக்கு முந்தி ஒன்னாம் வகுப்பு பாத்துருவோம்லா."

அவன் சிரிக்கவில்லை. உள்ளே பாப்பா எதற்கோ அலறத் தொடங்கினாள். அவன் திரும்பி வீட்டைப் பார்த்தான். "நான் இருக்கற நாள்லயே இப்படி. இல்லாத நாள்ல இவ அம்மா எப்படிச் சமாளிக்கறாளோ" என்று முணுமுணுத்தான். "சரி, போய்ட்டு வாங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போனான்.

இந்த முறை ஒத்திகை கிடையாது. ஆஸ்பத்திரிக்குப் போகிறோம், திரும்பி வருவோம் என்பதை மட்டும் சொன்னோம். பாப்பா வீட்டில் உடுத்தும் பூப்போட்ட அரைக்கால் சட்டையோடு வந்தாள். நெடுநேரம் உட்கார்ந்தபின் ஓர் இடம் கிடைத்தது. நான் கோப்போடு எழுந்தேன். தாய் என் கையைப் பிடித்து நிறுத்தினாள்.

"நீங்க பாப்பாவ பாத்துக்குங்க ஆன்டி. நான் மட்டும் போறேன். அவ முன்னாடி சொல்ல மாட்டேன்."

"கோப்பு?"

"வேணாம்."

கதவு சாத்தப்பட்டது. எல்லா நடைமுறையும் தெரிந்தவள் வராந்தாவில், மடியில் கோப்போடு. உள்ளே என்ன சொன்னாள் என்பது இன்றுவரை எனக்குத் தெரியாது.

பாப்பா கொஞ்ச நேரம் தரையின் சதுரங்களை மிதிக்காமல் கோட்டின்மேல் மட்டும் நடந்தாள். அப்புறம் துப்புரவு செய்யும் ஓர் அம்மாள் தரையைப் பளபளப்பாக்கும் இயந்திரத்தைத் தள்ளிக்கொண்டு வந்து முடுக்கினார். முன்கூட்டிச் சொல்ல எனக்கு அவகாசம் இல்லை. பாப்பா அலறிக்கொண்டு பெஞ்சுக்கு அடியில் போய்ச் சுருண்டு, மணிக்கட்டைக் கடித்தாள். மலாயில் கேட்டதும் அந்த அம்மாள் உடனே நிறுத்திவிட்டார். ஆனால் இயந்திரத்தை நிறுத்துவதுபோல் குழந்தையை நிறுத்த முடியாது. எதிரே உட்கார்ந்திருந்த தமிழர் ஒருவர் ஆலோசனை சொன்னார்.

"ரெண்டு போடு போட்டா அடங்கிரும்மா."

"யாருக்கு?" என்றேன்.

அவர் தன் எண் சீட்டைப் படிக்க ஆரம்பித்தார். நான் பெஞ்சருகே தரையில் உட்கார்ந்தேன், தொடாமல், பேசாமல். முழங்கால் ஒத்துழைக்கவில்லை, அது வேறு கதை.

கதவு திறந்தது. அதே மருத்துவரும் தாயும் வெளியே வந்தார்கள். தாயின் கண் சிவந்திருந்தது. வழக்கமாக இப்படி நேரத்தில் அவள் பாய்ந்து வந்து பிள்ளையின் வாயைப் பொத்துவாள், சுற்றியிருப்பவர்களிடம் மன்னிப்புக் கேட்பாள். அன்று நின்ற இடத்திலேயே நின்றாள். மருத்துவர் மெல்ல வந்து, கொஞ்சம் தள்ளித் தரையில் உட்கார்ந்தார். அடங்க எவ்வளவு நேரமாகும் என்று கேட்டார். யாரும் தொடாவிட்டால் சீக்கிரம் அடங்குவாள், தொட்டால் மதியம்வரை ஆகும் என்றாள் தாய். அன்றைக்குத் தன் அறைக்கு வந்தவள் இவள்தானா என்று கேட்டார் மருத்துவர்.

"அன்னிக்கு நீங்க பாத்தது ஒரு வார வேலை, டாக்டர்" என்றாள் தாய். "தினமும் சொல்லிச் சொல்லித்தான் அப்படி உக்காந்தா. நாப்பது புள்ளைங்க இருக்கற வகுப்புல அதை யாரு சொல்லுவா?"

மருத்துவர் தலையை ஆட்டினார். ஒத்திகை பார்த்தது தவறில்லை, அதைத் தொடருங்கள், அப்படி முன்கூட்டிச் சொல்லிக்கொடுப்பதுதான் அந்த வகுப்பில் நடக்கும் என்றார். பிறகு குழந்தை தானாக வெளியே வரும்வரை, அடுத்த எண் காத்திருந்தும், அங்கேயே உட்கார்ந்திருந்தார். சிறப்பு வகுப்புக்கான சிபாரிசை அந்தப் பெஞ்சின் மேலேயே வைத்துத்தான் எழுதினார்.

திரும்பும்போது காரில் கேட்டேன்.

"என்னதான் சொன்னே?"

"எல்லாத்தையும் சொல்லிட்டேன் ஆன்டி."

"எல்லாம்னா?"

"எல்லாம்னா எல்லாந்தான்."



பாப்பாவுக்கு இடம் கிடைத்தது. முதல் மாதம் யாரும் ஆரத்தி எடுக்கும்படி இல்லை. ஒரு பையனைக் கடித்தாள், இரண்டு நாள் மேசைக்கடியிலேயே படித்தாள். ஆனால் வீட்டில் வைத்துக்கொள்ளச் சொல்லி யாரும் ஆள் அனுப்பவில்லை. மணி அடிக்குமுன் உதவியாளர் அவளிடம் ஒரு மணியின் படத்தைக் காட்டுகிறாராம். இப்போது மணி அடித்ததும் அவளே போய்க் கதவருகே நிற்கிறாள், காதைப் பொத்திக்கொண்டுதான்.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மூவரும் சந்தைக்குப் போனோம். மீன் கடையில் ஐஸ் உடைக்கும் சத்தம். பாப்பா நட்டநடுவே தரையில் உட்கார்ந்துவிட்டாள். பட்டுப்பாவாடைக் குழந்தையோடு வந்த ஒரு பெண்மணி உச்சுக்கொட்டி, "எப்படி வளத்திருக்காங்க பாரு" என்று, எங்களுக்குக் கேட்கும்படியாக யாரிடமோ சொன்னார். நான் வாயைத் திறந்தேன். என்னிடம் நல்ல பதில்கள் நிறைய இருந்தன.

தாய் முந்திக்கொண்டாள். குரலை உயர்த்தவில்லை.

"அவளுக்குச் சத்தம் ஆகாதுக்கா. கொஞ்சம் தள்ளி நில்லுங்க, தானா எந்திரிச்சிருவா."

அந்தப் பெண்மணி நகர்ந்துகொண்டார். தாய் மகளுக்குக் கொஞ்சம் தள்ளி நின்றபடியே மீன்காரரைப் பார்த்து, கெம்போங் மீன் இரண்டு போதும், தலையை வெட்ட வேண்டாம் என்றாள்.